டேப்லெட்டில் வேண்டாத கேம்களை நீக்கி இடத்தை மீட்பது எப்படி? முழுமையான வழிகாட்டி

பெட்டியின் மேல் 32 ஜிபி என்று அச்சடித்திருந்தாலும், புதிதாகத் திறந்த ஆண்ட்ராய்டு டேப்லெட்டில் உங்கள் கைக்கு வருவது அதில் பாதியோ, சற்றுக் கூடுதலோதான். மிச்சத்தை ஆண்ட்ராய்டும் கம்பெனி ஏற்றி அனுப்பிய ஆப்களும் எடுத்துக்கொள்கின்றன. வீட்டில் பிள்ளைகள் இருந்தால் அந்த மீதி இடம் ஒரு கோடை விடுமுறைக்குக்கூடத் தாங்காது. ஸ்டோரேஜ் நிரம்பிவிட்டது என்ற எச்சரிக்கை, பெரும்பாலான டேப்களில் வெறும் 500 எம்பி மிச்சம் இருக்கும்போதுதான் வருகிறது. அதற்குள் ஆப் அப்டேட்டுகள் நின்றுபோயிருக்கும், கேமரா படம் எடுக்க மறுக்கும், டேப் இழுத்து இழுத்து ஓடும். 32 ஜிபி டேப் சிரமமில்லாமல் ஓட 4, 5 ஜிபியாவது காலியாக இருக்க வேண்டும்.

பலர் செய்வது என்னவென்றால், கண்ணில் படும் பத்துப் பதினைந்து சின்னச் சின்ன கேம்களை வரிசையாக அழிப்பது. பலூன் உடைக்கும் கேம், கார் ஓட்டும் கேம் என்று இருபதை நீக்கினாலும் சில சமயம் ஒரு ஜிபிகூடத் தேறாது. இடத்தை அடைத்துக்கொண்டிருப்பது பெரும்பாலும் இரண்டு மூன்று கேம்கள்தான். அவற்றைக் கண்டுபிடிப்பதுதான் முதல் வேலை. இங்கே சொல்லியிருப்பது முக்கியமாக ஆண்ட்ராய்டு டேப்களுக்கு. ஐபேடுக்குத் தனியாகக் கீழே இருக்கிறது. மெனுவின் பெயர்கள் கம்பெனிக்குக் கம்பெனி கொஞ்சம் மாறும். தேடிக் கிடைக்கவில்லை என்றால் செட்டிங்ஸின் மேலே உள்ள தேடல் பெட்டியில் ஸ்டோரேஜ் என்று அடித்தால் போதும்.

அளந்துவிட்டு ஆரம்பியுங்கள்

செட்டிங்ஸ் திறந்து ஸ்டோரேஜ் பகுதிக்குப் போங்கள். சாம்சங் டேப்களில் இது டிவைஸ் கேர் என்ற பகுதிக்குள் இருக்கும். இப்போது எவ்வளவு காலி என்பதை ஒரு தாளில் குறித்துக்கொள்ளுங்கள். பின்னால் எது பலன் தந்தது, எது தரவில்லை என்று தெரிய இந்த ஒரு எண் வேண்டும். சிஸ்டம் என்று காட்டும் பங்கை யாராலும் குறைக்க முடியாது, அதை விட்டுவிடுங்கள். ஆப்ஸ், கேம்ஸ், வீடியோஸ், ட்ராஷ் ஆகியவைதான் நமக்குரியவை.

ஆப்ஸ் பட்டியலை அளவின்படி அடுக்கி, மேலே நிற்கும் கேம் ஒன்றைத் தட்டுங்கள். அதில் மூன்று எண்கள் தனித்தனியாக இருக்கும்: ஆப்பின் அளவு, யூசர் டேட்டா, கேச். உதாரணத்துக்கு, ஆப் 180 எம்பி, யூசர் டேட்டா 2.6 ஜிபி, கேச் 90 எம்பி என்று காட்டலாம். கூடுதல் மேப், படங்கள், ஒலிகள் எல்லாவற்றையும் கேம் திறந்த பிறகு தானாகவே இறக்கிக்கொள்ளும்; அவை யூசர் டேட்டா கணக்கில் போய்ச் சேரும். இன்ஸ்டால் செய்யும்போது சின்ன கேம்தானே என்று அனுமதித்தது மூன்று மாதத்தில் இப்படி ஊதிப்போவதற்கு இதுதான் காரணம்.

கேச்சை அழிப்பதும் டேட்டாவை அழிப்பதும் ஒன்றல்ல. க்ளியர் கேச் கொடுத்தால் எதுவும் போகாது, தற்காலிகக் கோப்புகள் மட்டும் நீங்கும். ஆனால் மறுபடி கேமைத் திறந்ததும் அது திரும்பச் சேரத் தொடங்கும், ஆகவே இது ஒருநாள் நிவாரணம். க்ளியர் டேட்டா அல்லது க்ளியர் ஸ்டோரேஜ் கொடுத்தால் கேம் இன்றுதான் இன்ஸ்டால் செய்தது போல ஆகிவிடும். பிள்ளை ஆறு மாதமாக ஏறிவந்த லெவல் டேப்புக்குள் மட்டும் இருந்தால் அதுவும் போய்விடும்.

அழிக்கும் முன் காப்பாற்ற வேண்டியவை

வீட்டில் சண்டை வருவது இந்த இடத்தில்தான். ஆகவே எந்த கேம் வேண்டாதது என்பதைப் பிள்ளையையும் பக்கத்தில் உட்காரவைத்து முடிவு செய்யுங்கள்.

கேமின் முன்னேற்றம் எங்கே சேமிக்கப்படுகிறது என்பது கேமுக்குக் கேம் வேறுபடும். கிளாஷ் ஆஃப் கிளான்ஸ் போன்றவை சூப்பர்செல் ஐடியோடு (கேமை உருவாக்கிய நிறுவனத்தின் இணையக் கணக்கு) இணைக்கப்பட்டிருந்தால், நீக்கிவிட்டு வருடம் கழித்து இன்ஸ்டால் செய்தாலும் கிராமம் அப்படியே இருக்கும். இணைக்காமல் விருந்தாளிக் கணக்கில் ஆடியிருந்தால் திரும்பக் கிடைக்கும் என்று நம்ப முடியாது. கூகுள் ப்ளே கேம்ஸில் உள்நுழைந்திருந்தாலே எல்லாம் பத்திரம் என்பதும் சரியல்ல. கிளவுடில் சேமிக்கும் வசதியைக் கேமை உருவாக்கியவர்கள் சேர்த்திருந்தால்தான் அது வேலை செய்யும். கூகுள் தானாக எடுக்கும் பேக்கப்பும் ஓர் ஆப்புக்கு 25 எம்பி வரைதான். கேமுக்குள் இருக்கும் செட்டிங்ஸில் கணக்கு இணைப்பு என்ற பகுதி இருக்கிறதா என்று பார்த்து, இருந்தால் இணைத்துவிட்டு மேற்கொண்டு செல்லுங்கள்.

மைன்கிராஃப்டுக்குத் தனிக் கவனம் வேண்டும். பிள்ளைகள் கட்டிய உலகங்கள் டேப்பின் உள்ளேதான் கிடக்கின்றன. ஆப்பை நீக்கினால் அவையும் சேர்ந்து போகும். உலகங்களின் பட்டியலில் பெயருக்குப் பக்கத்தில் உள்ள பென்சில் குறியைத் தட்டி, கடைசி வரை கீழே இறங்கினால் எக்ஸ்போர்ட் வேர்ல்டு என்ற பட்டன் இருக்கும். ஒவ்வோர் உலகத்தையும் ஒரு கோப்பாக எடுத்து கூகுள் டிரைவிலோ பென் டிரைவிலோ போட்டுவையுங்கள். பிறகு இன்ஸ்டால் செய்தபின் அந்தக் கோப்பைத் திறந்தால் உலகம் திரும்பிவிடும்.

இன்னொன்று: தடை செய்யப்பட்ட கேம்கள். பப்ஜி மொபைல் இந்தியாவில் 2020 செப்டம்பரிலும், ஃப்ரீ ஃபயர் 2022 பிப்ரவரியிலும் தடை செய்யப்பட்டன. பழைய டேப்களில் இவற்றின் டேட்டா சும்மா இடத்தை அடைத்துக்கொண்டு கிடப்பதைப் பார்க்கலாம். தயங்காமல் நீக்கலாம். ஆனால் ப்ளே ஸ்டோரில் மறுபடி கிடைக்காது என்பதை நீக்கும் முன்பே வீட்டில் சொல்லிவிடுங்கள்.

பணம் கட்டி ஆடும் கேமாக இருந்தால், ஆப்பை நீக்குவதால் சந்தா நிற்காது. ப்ளே ஸ்டோரில் உங்கள் படத்தைத் தட்டி, பேமென்ட்ஸ் அண்ட் சப்ஸ்கிரிப்ஷன்ஸ் என்ற இடத்தில் ரத்து செய்ய வேண்டும். கூகுள் பே, போன்பே போன்றவற்றில் ஆட்டோபே பட்டியலையும் ஒரு தடவை திறந்து பாருங்கள். மாதம் 99 ரூபாய், 149 ரூபாய் என்று சத்தமில்லாமல் போய்க்கொண்டிருக்கும் மேண்டேட்டுகள் அங்கேதான் அகப்படும்.

நீக்கும் முறை

ஒவ்வொன்றாக நீக்குவதைவிட ப்ளே ஸ்டோர் வழியாக மொத்தமாக நீக்குவது வேகம்.

1. ப்ளே ஸ்டோரைத் திறந்து, மேலே வலப்பக்கம் உள்ள உங்கள் படத்தைத் தட்டுங்கள்.
2. மேனேஜ் ஆப்ஸ் அண்ட் டிவைஸ் என்பதற்குள் போய், மேனேஜ் என்ற இரண்டாவது தாவலைத் தேர்ந்தெடுங்கள்.
3. கேம்ஸ் என்ற வடிகட்டியைத் தட்டினால் கேம்கள் மட்டும் வரும். வரிசைப்படுத்தும் குறியில் அளவு என்பதைத் தேர்ந்தால் பெரியவை மேலே வந்து நிற்கும். குறைவாகப் பயன்படுத்தியவை என்றும் அடுக்கலாம். எந்தெந்தக் கேமைப் பிள்ளையே மறந்துவிட்டது என்று அதில் தெரிந்துவிடும்.
4. வேண்டாதவற்றில் டிக் போட்டு, மேலே வரும் குப்பைத்தொட்டிக் குறியைத் தட்டுங்கள்.

ப்ளே ஸ்டோருக்கு வெளியே இருந்து, ஏபிகே எனும் இன்ஸ்டால் கோப்பு வழியாக வந்த கேம்கள் இந்தப் பட்டியலில் தட்டுப்படாமல் போகலாம். அவற்றை செட்டிங்ஸ், ஆப்ஸ் வழியாகப் போய்த்தான் நீக்க வேண்டும்.

நீக்கும்போது சில கேம்கள் ஒரு சின்னக் கேள்வி கேட்கும்: இவ்வளவு எம்பி ஆப் டேட்டாவை வைத்திருக்கவா என்று ஒரு கட்டம் காட்டும். அந்தக் கட்டத்தில் டிக் இருந்தால் ஐகான் மறையும், டேட்டா அப்படியே உள்ளே தங்கும். நீக்கியும் இடம் கூடவில்லை என்று புலம்புவோரில் சிலருக்கு இதுதான் காரணம். டிக்கை எடுத்துவிட்டு ஓகே கொடுங்கள். வேறு சிலர் ஐகானை அழுத்திப்பிடித்து ரிமூவ் என்பதைத் தட்டிவிட்டு கேம் போய்விட்டது என்று நினைத்துக்கொள்வார்கள். போனது முகப்புத் திரையில் இருந்த குறுக்குவழி மட்டுமே, கேம் உள்ளேயே இருக்கும். அன்இன்ஸ்டால் என்ற சொல் வந்தால்தான் உண்மையான நீக்கம்.

டேப்லெட்டுக்கே உரிய ஒரு சிக்கல், பல பயனர் வசதி. அப்பாவுக்கு ஒன்று, பிள்ளைக்கு ஒன்று என்று இரண்டு பயனர் கணக்குகள் இருந்தால், கேமின் மூல ஆப் இருவருக்கும் பொதுவாக ஒரே பிரதியாகத்தான் இருக்கும். டேட்டா மட்டும் ஒவ்வொருவருக்கும் தனி. நீங்கள் உங்கள் கணக்கில் நீக்கினால் உங்கள் டேட்டா மட்டுமே போகும். பிள்ளையின் கணக்கில் கேம் இருக்கும்வரை ஆப்பும் அந்தப் பக்கத்து டேட்டாவும் அசையாது. பிள்ளையின் கணக்குக்குள் போய் அங்கும் நீக்க வேண்டும். டேப்பின் உரிமையாளர் கணக்கில் இருந்தால், ஆப் இன்ஃபோ பக்கத்தில் (செட்டிங்ஸ், ஆப்ஸ் போய் அந்தக் கேமைத் தட்டினால் வருவது) மேலே உள்ள மூன்று புள்ளிகளைத் தட்டி, எல்லாப் பயனர்களுக்கும் அன்இன்ஸ்டால் என்பதைத் தேடிப் பாருங்கள். யாரும் பயன்படுத்தாத பழைய பயனர் கணக்கு இருந்தால், உள்ளே ஏதும் முக்கியமான படங்கள் இல்லையென்று பார்த்துவிட்டு முழுக் கணக்கையும் அழித்துவிடலாம். சில சமயம் பல ஜிபி அதிலேயே கிடைத்துவிடும்.

நீக்க மனமில்லை, ஆனால் இப்போது இடம் வேண்டும் என்றால் ஆர்க்கைவ் நல்ல வழி. ப்ளே ஸ்டோர் செட்டிங்ஸில் ஜெனரல் பகுதிக்குள் தானாக ஆர்க்கைவ் செய்யும் வசதி இருக்கிறது. ஆண்ட்ராய்டு 15 முதல் ஆப் இன்ஃபோ பக்கத்திலேயே ஆர்க்கைவ் பட்டன் வந்துவிட்டது. ஆப்பின் பெரும்பகுதி போகும், ஐகானும் உங்கள் டேட்டாவும் இருக்கும். தட்டினால் திரும்ப இறங்கும். இதில் ஒரு குறை உண்டு. டேட்டா அப்படியே இருப்பதால், மேலே சொன்ன 2.6 ஜிபி டேட்டா வைத்திருக்கும் கேமை ஆர்க்கைவ் செய்து பெரிய பலன் இல்லை. ஆப் பெரிது, டேட்டா சிறிது என்ற கேம்களுக்கே இது உதவும். டேட்டா பெரிதாக உள்ள கேமை வைத்துக்கொண்டே ஆகவேண்டும் என்றால், கேமுக்குள் போய்க் கூடுதல் மேப், உயர்தரப் படங்கள் போன்ற பேக்குகளை நீக்கும் வசதி இருக்கிறதா என்று பாருங்கள். பப்ஜியின் இந்தியப் பதிப்பான பிஜிஎம்ஐ போன்றவற்றில் இருக்கிறது.

நீங்காமல் அடம்பிடிப்பவை

அன்இன்ஸ்டால் பட்டனே இல்லாமல் டிஸேபிள் மட்டும் இருந்தால், அது கம்பெனி ஏற்றியனுப்பிய ஆப். முதலில் மூன்று புள்ளிகளைத் தட்டி அன்இன்ஸ்டால் அப்டேட்ஸ், பிறகு டிஸேபிள். பின்னால் இறங்கிய அப்டேட்டின் அளவு உங்களுக்குத் திரும்பும். மூல ஆப் இருப்பது சிஸ்டத்துக்கென்று ஒதுக்கிய தனிப் பகுதியில். அதை எப்படி அழித்தாலும் உங்கள் இடம் கூடாது. கம்ப்யூட்டரில் இணைத்துக் கட்டளை கொடுத்து நீக்கும் முறையும் அந்த ஆப்பை உங்கள் கணக்கிலிருந்து மறைக்கிறதே தவிர அந்தப் பகுதியைக் காலி செய்வதில்லை. இடத்துக்காக அந்த முயற்சி வீண்.

பட்டன் இருக்கிறது, ஆனால் மங்கலாகி அழுத்த முடியவில்லை என்றால், அந்த ஆப் டிவைஸ் அட்மின் என்ற, டேப்பையே நிர்வகிக்கும் அனுமதியை வாங்கி வைத்திருக்கலாம். செட்டிங்ஸ் தேடலில் டிவைஸ் அட்மின் என்று தேடி, பட்டியலில் அதன் டிக்கை எடுத்தபின் நீக்குங்கள். ஒரு கேமுக்கு இந்த அனுமதி தேவையே இல்லை. கேட்டிருந்தால் அது கேம் வேடத்தில் வந்த வேறு ஏதோ. நீக்கியவுடன் ப்ளே ஸ்டோரில் தீங்கான ஆப்களைத் தேடும் ப்ளே ப்ரொடெக்ட் சோதனையை ஓடவிடுங்கள்.

திரையெங்கும் விளம்பரம் குதித்து வேலையே செய்யவிடவில்லை என்றால் சேஃப் மோடில் திறந்து நீக்கலாம். பவர் மெனுவை வரவழைத்து, பவர் ஆஃப் குறியை விடாமல் அழுத்திப்பிடித்தால் சேஃப் மோடு கேட்கும். அதில் நீங்கள் இன்ஸ்டால் செய்த ஆப் எதுவும் ஓடாது, ஆனால் நீக்க முடியும். முடித்ததும் ரீஸ்டார்ட் செய்தால் பழைய நிலைக்கு வந்துவிடும்.

பள்ளியோ கல்வி நிறுவனமோ கொடுத்த டேப்பாக இருந்தால் அதை நிர்வகிப்பது அவர்கள். அங்கே பூட்டியிருப்பதை உடைக்கப் போகாதீர்கள். பாடங்களை எஸ்டி கார்டில் ஏற்றித் தந்திருந்தால் அந்தக் கார்டை ஃபார்மட் செய்யவே கூடாது; செய்தால் பாடங்கள் அனைத்தும் போய்விடும், அவர்களிடம் போய் நிற்க வேண்டியதுதான்.

நீக்கியும் இடம் வரவில்லையா?

முதலில் ஒரு ரீஸ்டார்ட். ஸ்டோரேஜ் கணக்கு சில சமயம் உடனே புதுப்பிக்கப்படாது. பிறகு கீழ்க்கண்ட இடங்களைத் தேடுங்கள்.

ட்ராஷ்தான் முதல் சந்தேகம். சாம்சங்கின் கேலரியும் மை ஃபைல்ஸும் அழித்ததை 30 நாள் வைத்திருக்கும். கேம் ஆடுவதைப் பதிவு செய்த வீடியோக்களை நேற்று அழித்திருந்தால் அவை இன்னும் உள்ளேதான் இருக்கின்றன. இரண்டு ட்ராஷையும் தனித்தனியாகக் காலி செய்ய வேண்டும். ஒன்றைக் காலி செய்தால் மற்றது காலியாகாது. திரையைப் பதிவு செய்யும் பழக்கம் உள்ள பிள்ளைகளின் டேப்பில், கேம்களைவிட இந்த வீடியோக்களே அதிக இடம் பிடித்திருப்பதுண்டு.

அடுத்து டவுன்லோட்ஸ் ஃபோல்டர். இன்ஸ்டால் செய்தபின் ஏபிகே கோப்பு அங்கேயே தங்கும். கேமை நீக்கினாலும் அது போகாது. யூடியூபில் பிள்ளைகள் ஆஃப்லைனுக்காகச் சேர்த்தவை யூடியூப் ஆப்பின் கணக்கில் ஒளிந்திருக்கும். யூடியூப் செட்டிங்ஸில் டவுன்லோட்ஸ் பகுதிக்குப் போய் மொத்தமாக அழிக்கலாம். நெட்ஃபிளிக்ஸில் தானாகவே வீடியோக்களை இறக்கும் ஸ்மார்ட் டவுன்லோட்ஸ் இருந்தால் அணைத்துவிடுங்கள். வாட்ஸ்அப்பில் ஸ்டோரேஜ் அண்ட் டேட்டா, மேனேஜ் ஸ்டோரேஜ் என்று போனால் 5 எம்பிக்கு மேற்பட்டவற்றைத் தனியாகக் காட்டும்.

போட்டோக்கள் கூகுள் போட்டோஸில் பேக்கப் ஆகியிருந்தால், அந்த ஆப்பில் உள்ள ஃப்ரீ அப் ஸ்பேஸ் என்பதைத்தான் பயன்படுத்த வேண்டும். அது டேப்பில் உள்ள பிரதியை மட்டும் நீக்கும். படத்தைத் தேர்ந்து நேரடியாக டெலீட் கொடுத்தால் கிளவுடில் இருப்பதும் சேர்ந்து போகும்.

கிளீனர், பூஸ்டர் என்ற பெயரில் வரும் ஆப்களை மட்டும் தொடாதீர்கள். அவை செய்வது கேச் அழிப்பதுதான். அதை ஆண்ட்ராய்டே இடம் குறையும்போது தானாகச் செய்துகொள்கிறது. கைமாறாக அவை தருவது விளம்பரம்.

எஸ்டி கார்டு போட்டால் தீருமா?

பாதி தீரும். படங்கள், வீடியோக்கள், யூடியூப் டவுன்லோடுகளைக் கார்டுக்கு மாற்றலாம். பெரிய கேம்களை மாற்றும் வசதி எல்லா டேப்பிலும் இல்லை. இருந்தாலும் ஒரு பகுதிதான் நகரும், கேம் திறக்கத் தாமதமாகும். அப்படியும் ஆப் வைக்கத்தான் வேண்டுமென்றால் கார்டில் ஏ1 அல்லது ஏ2 என்ற குறி இருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள். சின்னச் சின்னக் கோப்புகளை எவ்வளவு வேகமாகப் படிக்கும் என்பதற்கான குறி அது. வீடியோ வைக்க மட்டும் என்றால் அந்தக் குறி இல்லாவிட்டாலும் பாதகமில்லை. பழைய கார்டில் பெரிய படம் ஒன்றைப் போட முயன்று 4 ஜிபியில் நின்றுபோனால் கார்டில் கோளாறு இல்லை, அது ஃபேட்32 முறையில் ஃபார்மட் ஆகியிருக்கிறது. உள்ளே இருப்பதை எடுத்துவைத்துவிட்டு எக்ஸ்ஃபேட்டுக்கு மாற்றினால் சரியாகும்.

ஐபேடில்

செட்டிங்ஸ், ஜெனரல், ஐபேட் ஸ்டோரேஜ். பெரியது மேலே வரும்படி ஏற்கெனவே அடுக்கியே இருக்கும். ஒவ்வோர் ஆப்பிலும் இரண்டு தேர்வு: ஆஃப்லோடு செய்தால் ஆப் போகும், டேட்டா தங்கும், டெலீட் செய்தால் இரண்டும் போகும். முகப்புத் திரையில் ஐகானை அழுத்தி நீக்கும்போது டெலீட் ஆப் என்பதைத் தேர்ந்தெடுக்க வேண்டும், முகப்புத் திரையிலிருந்து நீக்கு என்பதை அல்ல. போட்டோஸில் அழித்தவை ரீசன்ட்லி டெலீட்டட் ஆல்பத்தில் தங்கியிருக்கும். ஐபேடுக்கு எஸ்டி கார்டு போடும் இடமே இல்லை என்பதால், 64 ஜிபி மாடல் வைத்திருப்பவர்களுக்கு இந்தத் திரை பழகியே ஆகவேண்டிய ஒன்று.

மறுபடி சேராமல் இருக்க

ப்ளே ஸ்டோரில் வாங்குவதற்குப் பாஸ்வேர்டு கேட்கவைத்தால் இலவச கேம்கள் நிற்காது. அது பணம் செலுத்தும் இடத்தில் மட்டும்தான் கேட்கும். பேரன்டல் கண்ட்ரோல்ஸில் பின் நம்பர் போட்டு வயது வரம்பு வைக்கலாம். ஆனால் 3+ கேம்களே ஆயிரக்கணக்கில் இருப்பதால் அதுவும் இடத்தைக் காப்பாற்றாது. பிள்ளைக்கென்று தனி கூகுள் கணக்கு தொடங்கி, பெற்றோருக்கான கூகுளின் கட்டுப்பாட்டு ஆப்பான ஃபேமிலி லிங்க் வைத்து, எந்த ஆப்பையும் இறக்கும் முன் பெற்றோர் அனுமதி என்று அமைப்பதுதான் வேலை செய்யும். இன்ஸ்டால் அழுத்தியதும் கோரிக்கை உங்கள் போனுக்கு வரும்.

அடுத்து, செட்டிங்ஸில் இன்ஸ்டால் அன்நோன் ஆப்ஸ் என்று தேடி, குரோம், வாட்ஸ்அப், ஃபைல்ஸ் எல்லாவற்றுக்கும் அந்த அனுமதியை அணையுங்கள். யாரும் தொடாமலே புது கேம்கள் முளைக்கின்றன என்றால், டேப்போடு வந்த பரிந்துரை ஆப் ஏதோ ஒன்று அவற்றை இறக்குகிறது. ஆப்ஸ் பட்டியலில் ஆப்கிளவுட், மொபைல் சர்வீசஸ் மேனேஜர் போன்ற பெயர்கள் இருக்கிறதா என்று பார்த்து டிஸேபிள் செய்யுங்கள்.

இவ்வளவுக்கும் பிறகு இடம் வரவில்லை என்றால் ஃபேக்டரி ரீசெட், அதாவது டேப்பில் உள்ள எல்லாவற்றையும் அழித்துப் புதிது போல ஆக்குவது. அதற்கு முன் படங்களை வெளியே எடுங்கள். டேப்பில் உள்ள கூகுள் கணக்கின் பாஸ்வேர்டு சரியாக நினைவிருக்கிறதா என்று வேறொரு கருவியில் உள்நுழைந்து சோதித்துவிடுங்கள். திருட்டுக்கு எதிரான பூட்டு காரணமாக, ரெக்கவரி மெனு வழியாக ரீசெட் செய்தால் பழைய கணக்கையே கேட்டு நிற்கும். பாஸ்வேர்டு தெரியாவிட்டால் டேப்பைத் திறக்கவே முடியாது. புதிதாக அமைக்கும்போது பழைய ஆப்களைக் கொண்டுவரவா என்று ஒரு திரை கேட்கும். அங்கே யோசிக்காமல் நெக்ஸ்ட் கொடுத்தால் நீக்கிய கேம்களில் பெரும்பாலானவை வரிசையாக இறங்கத் தொடங்கிவிடும். வேண்டாம் என்று சொல்லிவிட்டு, தேவையான ஆப்களை மட்டும் ஒவ்வொன்றாக ஏற்றுங்கள்.